ஓக் தரை, ஓக் மேசை: எந்தப் பூச்சு யாருக்குச் சரிவரும்?

ஓக் மரத்துக்குப் பூச்சு தேடுகிறவர்கள் முதலில் கேட்பது "எது ரொம்ப நாள் உழைக்கும்?" என்பதைத்தான். கேள்வி நியாயமானதுதான். ஆனால் அதை மட்டும் வைத்து முடிவெடுத்தால் சில வருடங்கள் கழித்துச் சிக்கிக்கொள்வோம். தேயாத பூச்சு என்று ஒன்று கிடையாது. நாற்காலிக் கால் இழுபடும், சாவி விழும், வாசலிலிருந்து மணல் வரும். அப்படித் தேய்ந்த இடத்தை நாமே ஒரு மாலையில் சரிசெய்துவிட முடியுமா? இல்லை, அறை முழுவதையும் காலி செய்து, மெஷின் வைத்துத் தேய்த்து, முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டுமா? நான் முதலில் கேட்கச் சொல்வது இந்தக் கேள்வியைத்தான். இதற்குப் பதில் தெரிந்துவிட்டால் கடையில் அடுக்கியிருக்கும் டப்பாக்களில் பாதி தானாகவே விலகிவிடும்.

பூச்சுக்கு முன் மரத்தைப் பற்றிக் கொஞ்சம். ஓக்கின் வளையங்களில், பருவத்தின் தொடக்கத்தில் வளரும் பகுதியில் பெரிய துளைகள் இருக்கும்; பிறகு வளரும் பகுதி நெருக்கமாக இருக்கும். கையால் தடவினாலே அந்த வரிகள் தட்டுப்படும். சிவப்பு ஓக்கில் இந்தத் துளைகள் திறந்தே கிடக்கும். ஒரு சின்னத் துண்டின் முனையில் வாய் வைத்து ஊதினால் மறுமுனையில் காற்று வரும். வெள்ளை ஓக்கின் வைரப் பகுதியில், அதாவது நடுமரத்தில், அவை இயற்கையாகவே அடைபட்டிருக்கும். ஒயின், விஸ்கி பீப்பாய்களுக்கு அந்த மரத்தை எடுப்பது இதனால்தான். தண்ணீர் படும் இடம் என்றால் வெள்ளை ஓக்கே பாதுகாப்பு.

இரண்டாவது, டானின். ஓக்கில் இந்தத் துவர்ப்புப் பொருள் நிறைய உண்டு. டானினும் இரும்பும் ஈரத்தில் சேர்ந்தால் நீலக்கறுப்பு நிறம் பிறக்கும். ஓக் மரத்தில் உருவாகும் காய் போன்ற முண்டுகளையும் இரும்பு உப்பையும் சேர்த்துத்தான் ஐரோப்பாவில் பல நூற்றாண்டுகள் எழுத்து மை தயாரித்தார்கள். அதே வினை நம் மேசையிலும் நடக்கும். ஈரமான இரும்புச் சட்டியை எண்ணெய் மட்டும் பூசிய ஓக் பலகையில் ஒரு ராத்திரி வைத்துப் பாருங்கள், காலையில் கறுப்பு வட்டம் இருக்கும். அது அழுக்கு இல்லை, மரமே நிறம் மாறியிருக்கிறது, துடைத்தால் போகாது. இந்தக் காரணத்தாலேயே ஓக்கில் ஸ்டீல் வுல் (இரும்பு நார்) வைத்துத் தேய்ப்பதை நான் அடியோடு தவிர்க்கச் சொல்வேன். கண்ணுக்குத் தெரியாத இரும்புத் துகள் துளைக்குள் தங்கும், மேலே தண்ணீர் கலந்த பூச்சு பட்டதும் புள்ளி புள்ளியாகக் கறுக்கும். சின்தெடிக் பேட் வைத்துத் தேய்த்தால் இந்தத் தொல்லையே இல்லை.

படலமா, எண்ணெயா

எல்லாப் பூச்சுகளையும் இரண்டு குடும்பமாகப் பிரிக்கலாம். ஒன்று, மரத்தின் மேல் கண்ணாடித் தாள் போலப் படலமாக நிற்பது. பாலியூரித்தேன், வார்னிஷ், லாக்கர், அரக்கு எல்லாம் இந்த வகை. இன்னொன்று, மரத்துக்குள் இறங்கி அங்கேயே இறுகுவது. ஆளிவிதை எண்ணெய், டங் எண்ணெய், ஹார்ட்வாக்ஸ் ஆயில் ஆகியவை இந்தப் பக்கம். ஹார்ட்வாக்ஸ் ஆயில் கொஞ்சம் நடுவில் நிற்பது. அதில் எண்ணெயோடு கார்னௌபா போன்ற கெட்டி மெழுகும் இருப்பதால் மேற்பரப்பிலும் மெல்லிய காப்பு ஒன்று தங்கும்.

படலம் இருக்கும்வரை மரத்துக்குக் கவலை இல்லை. சிந்திய தண்ணீர், காபி எல்லாம் மேலேயே நிற்கும். ஆனால் ஆழமான கீறல் விழுந்தால் அந்த ஓர் இடத்தை மட்டும் கண்ணுக்குத் தெரியாமல் ஒட்டுப்போடுவது கடினம். காய்ந்த பாலியூரித்தேன் மேல் புதிய பாலியூரித்தேன் கரைந்து கலக்காது. மேலே தனி அடுக்காகப் பிடித்துக்கொள்ளும். ஒட்டுப்போட்ட விளிம்பு வெளிச்சத்தில் காட்டிக்கொடுத்துவிடும். எண்ணெயில் நிலைமை நேர்மாறு. கறை சீக்கிரம் பிடிக்கும், அடிக்கடி கவனிக்க வேண்டும், ஆனால் கெட்ட இடத்தை மட்டும் லேசாகத் தேய்த்து, ஒரு துணியில் எண்ணெய் தொட்டுத் தடவினால் சுற்றியுள்ளதோடு பெரும்பாலும் கலந்துவிடும்.

ஆக, பத்து வருடத்துக்கு ஒருமுறை பெரிய வேலையா, அவ்வப்போது சின்னச் சின்ன வேலையா? யார் வீட்டில் எது நடக்கும் என்பது அவரவருக்குத்தான் தெரியும்.

தரைக்கு: மூன்று வழிகள்

ஆயில் பேஸ் பாலியூரித்தேன் பழைய, நம்பகமான வழி. கெட்டியான படலம், தேய்மானத்தைத் தாங்கும், பூசவும் அவசரம் இல்லை. பிரஷ் தடங்கள் தாமாகவே சமமாகிவிடும். தேன் நிறத்தைக் கொடுக்கும். சிவப்பு ஓக்கில் அந்த நிறம் அழகாக உட்காரும். வெள்ளை ஓக்கின் வெளிறிய நிறம்தான் வேண்டும் என்று வாங்கியவர்களுக்கு இது ஏமாற்றம், ஏனென்றால் வருடங்கள் போகப்போக இன்னும் மஞ்சளாகும். வாடை கடுமை. ஒரு கோட்டுக்கும் அடுத்ததற்கும் இடையே பெரும்பாலும் ஒரு முழு நாள் விடவேண்டும். காலுறையோடு நடக்க ஓரிரு நாள் போதும், ஆனால் முழுதாக இறுக ஏறக்குறைய 30 நாள். அதுவரை கம்பளம் விரிக்கக்கூடாது.

வாட்டர் பேஸ் பாலியூரித்தேன் தண்ணீரைப் போலவே தெளிவு. மஞ்சளாவது மிகக் குறைவு. 2 முதல் 4 மணி நேரத்தில் அடுத்த கோட் போடலாம், வாடையும் குறைவு. ஆட்கள் குடியிருந்துகொண்டே வேலை நடக்க வேண்டிய வீட்டுக்கு இதுதான் பொருந்தும். இதில் இரண்டு சிக்கல்கள். முதலாவது, தண்ணீர் பட்டதும் ஓக்கின் இழை எழும்பும். முதல் கோட் காய்ந்த பிறகு தடவினால் சொரசொரப்பாக இருக்கும். லேசாக உப்புத்தாள் போட்டுத்தான் அடுத்த கோட்டுக்குப் போக வேண்டும். இரண்டாவது, டானின். தண்ணீர் அதைக் கரைத்து மேலே இழுத்துவந்தால் ஆங்காங்கே பழுப்புத் திட்டு தெரியும். அதைத் தடுக்கவே தனியாக அடிப்பூச்சு விற்கிறார்கள். ஓக்கில் அதைத் தவிர்த்து மிச்சம்பிடிக்கப் பார்க்காதீர்கள். கடினத்தில், ஹார்டனர் (பூச்சை இறுகச் செய்யும் திரவம்) கலந்து பூசும் இரண்டு பாக வாட்டர் பேஸ் வகை ஆயில் பேஸுக்கு இளைத்ததில்லை, நடமாட்டம் அதிகமுள்ள பொதுக்கூடங்களிலும் அதையே போடுகிறார்கள். ஆனால் கலந்த பிறகு சில மணி நேரத்துக்குள் பூசி முடித்தாக வேண்டும். ஹார்டனரில் ஐசோசயனேட் என்ற, மூச்சுக்குக் கெடுதலான வேதிப்பொருள் உள்ள வகைகளும் உண்டு. டப்பாவில் சொல்லியிருக்கும் முகக்கவசமும் காற்றோட்டமும் இல்லாமல் அதைத் தொடவே கூடாது.

மூன்றாவது ஹார்ட்வாக்ஸ் ஆயில். பார்க்க மரம் மரமாகவே தெரியும், வெறுங்காலுக்கும் மரமாகவே படும். பூசுவது எளிது, ஆனால் ஒரே ஒரு விஷயத்தில் கண்டிப்பு வேண்டும்: மிச்சத்தைத் துடைத்து எடுப்பது. மெல்லிசாகப் பரப்பி, டப்பாவில் சொன்ன நேரம் விட்டு, மரம் குடிக்காததை முழுக்கத் துடைத்துவிட வேண்டும். உள்ளங்கையை வைத்துப் பார்த்தால் ஒட்டக்கூடாது, வழுக்கவும் கூடாது. ஈரம் மினுமினுக்கும் இடம் எங்காவது தெரிந்தால் அங்கே பிசுக்கு நின்றுவிடும். அதில் தூசி அமர்ந்து ஒரே மாதத்தில் கறுத்த பாதையாகிவிடும். நிறத்தைப் பொறுத்தவரை, ஓக்கை நனைத்தால் எப்படித் தெரியுமோ ஏறக்குறைய அப்படியே ஆகும். வெளிறிய நிறம் மாறாமல் வேண்டுமென்றால் கொஞ்சம் வெள்ளை நிறமி கலந்த வகை இருக்கிறது.

என் விருப்பத்தைக் கேட்டால், வீட்டுத் தரைக்கு ஹார்ட்வாக்ஸ் ஆயில் என்றுதான் சொல்வேன், ஒரு நிபந்தனையோடு. தேய்ந்த இடத்தைப் பார்த்தவுடனே கவனிக்கிற பழக்கம் வீட்டில் யாராவது ஒருவருக்காவது இருக்க வேண்டும். வாடகைக்கு விடும் வீடு, யாரும் கவனிக்காத நடைவழி, நாய் ஓடியாடும் கூடம் என்றால் இரண்டு பாக வாட்டர் பேஸ்தான். நாயின் நகக்கீறல் எந்தப் பூச்சிலும் விழும். மினுக்கமில்லாத மேட் பூச்சில் அது அவ்வளவாகக் கண்ணில் படாது, பளபளப்பில் ஒவ்வொன்றும் தெரியும். பளபளப்புப் பூச்சை நான் தரைக்குச் சொல்லவே மாட்டேன்.

இந்த முடிவைப் பாதிக்கும் இன்னொரு விஷயம் பலகையின் தடிமன். முழு மரப் பலகை என்றால் பொதுவாக 18 முதல் 20 மி.மீ.; அதில் நாக்கும் பள்ளமும் கோத்திருக்கும் இடத்துக்கு மேலே உள்ளதை மட்டும்தான் தேய்க்க முடியும். ஒட்டுப்பலகை மேல் ஓக்கை ஒட்டிச் செய்யும் எஞ்ஜினியர்டு பலகையில் அந்த ஓக் 2 முதல் 6 மி.மீ. வரைதான். 2 மி.மீ. உள்ளதில் மெஷின் வைத்து அடிவரை தேய்ப்பது ஆபத்து, ஒட்டுப்பலகை வெளியே தெரிந்துவிடும். அப்படிப்பட்ட தரையில் "தேய்ந்தால் தேய்த்துக்கொள்ளலாம்" என்ற வழியே இல்லை. அங்கே இடத்துக்கு இடம் புதுப்பிக்கக்கூடிய எண்ணெயைத் தேர்ந்தெடுங்கள். படலம்தான் என்றால் அது மரம்வரை தேயும் முன்பே மேல்கோட் போட்டுக்கொண்டே வரவேண்டும்.

அந்த மேல்கோட் விஷயத்தைப் பலரும் கோட்டைவிடுகிறார்கள். பாலியூரித்தேன் தரையில் பளபளப்பு மங்க ஆரம்பித்ததும், மரத்தைத் தொடாமல் படலத்தை மட்டும் லேசாகச் சுரண்டிவிட்டு ஒரு கோட் போட்டால் தரை மறுபடி புதிதாகும். ஒரே நாளில் முடியும். நடக்கும் பாதையில் மரம் சாம்பல் நிறமாகத் தெரியும்வரை விட்டுவிட்டால் அந்த வாய்ப்பு போச்சு. சாம்பல் நிறம் என்றால் படலம் தேய்ந்து, தண்ணீர் மரத்துக்குள் போய்விட்டது என்று அர்த்தம். அப்புறம் முழுத் தேய்ப்புதான்.

தேய்ப்பது பற்றி ஒரு வார்த்தை

பூச்சுக்குச் செலவிடும் யோசனையில் பாதியை உப்புத்தாளுக்குக் கொடுத்தால் போதும். எண் கூடக் கூடத் தாள் மென்மையாகும். தரைக்கு 36 அல்லது 40 எண்ணில் ஆரம்பித்து, 60, 80 என ஏறி, 100 அல்லது 120-ல் நிறுத்தலாம். எண்களைத் தாண்டிக் குதித்தால் முதல் தாளின் கீறல் அடியிலேயே இருக்கும், பூச்சு ஏறியதும் பளிச்சென்று தெரியும். இன்னும் வழவழப்பாக இருக்கட்டுமே என்று 220 வரை போனால் ஓக் மெருகேறி இறுகிவிடும், எண்ணெய் சரியாக இறங்காது. மேசை, நாற்காலிக்கு 150 அல்லது 180 போதும். நிறம் ஏற்றப் போகிறீர்கள் என்றால் முதலில் மரத்தை லேசாக நனைத்துக் காயவிடுங்கள். துளைகள் திறந்து நிறத்தைச் சமமாக வாங்கும்.

மேசைக்கும் நாற்காலிக்கும் வேறு கணக்கு

தரைக்கு எதிரி மணல். மேசைக்கு எதிரிகள் சூடு, தண்ணீர் வளையம், சாராயம் கலந்த பானம், ஹாண்ட் சானிட்டைசர். ஆகவே தரைக்குப் போட்டதையே மேசைக்கும் போட வேண்டும் என்பதில்லை.

தினமும் சாப்பிடும் மேசைக்கு என் முதல் தேர்வு துணியால் தடவும் வார்னிஷ். சாதாரண ஆயில் பேஸ் வார்னிஷை மினரல் ஸ்பிரிட் விட்டு இளக்கி, துணியால் மெல்லிசாக நாலைந்து கோட் ஏற்றுவது. பிரஷ் தடம் கிடையாது, ஓக்கின் வரிகள் மூடிப்போகாமல் கைக்குத் தெரியும், தண்ணீரையும் சூட்டையும் ஓரளவு தாங்கும். இதற்கு அடுத்துதான் ஹார்ட்வாக்ஸ் ஆயில். அதில் ஈரக் கோப்பை வளையம் விழலாம், ஆனால் வீட்டிலேயே சரிசெய்துகொள்ளலாம்.

வெறும் ஆளிவிதை எண்ணெயைப் பற்றி நிறையப் புகழ்ச்சி கேட்டிருப்பீர்கள். பூசும்போது தெரியும் அழகு உண்மைதான், பாதுகாப்பு கம்மி. பச்சை எண்ணெய் காய வாரக்கணக்கில் ஆகும். 'காய்ச்சியது' என்று விற்பது பெரும்பாலும் காய்ச்சியதல்ல. சீக்கிரம் காய உலோக உப்புகள் சேர்த்தது. எப்படியிருந்தாலும் போகப்போக மஞ்சளாகிக் கறுக்கும். டங் எண்ணெய் மஞ்சளாவது குறைவு, தண்ணீரையும் கூடுதலாகத் தாங்கும், ஆனால் பொறுமை வேண்டும். கை படாத அலமாரிக்கு இவை சரி. சாப்பாட்டு மேசைக்குப் போதாது.

எண்ணெய் எதைப் பயன்படுத்தினாலும் இதை மட்டும் மறக்கவே கூடாது: துடைத்த துணியைச் சுருட்டிப் போடாதீர்கள். இந்த எண்ணெய்கள் காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்ந்துதான் காய்கின்றன. அப்போது சூடு பிறக்கும். விரித்த துணியில் அந்தச் சூடு கலைந்துபோகும். சுருட்டிய துணியில் உள்ளேயே சேர்ந்து, தீப்பொறி எதுவும் இல்லாமலே துணி பற்றிக்கொள்ளும். வீடுகள் எரிந்திருக்கின்றன. ஒவ்வொரு துணியையும் தனித்தனியாக வெளியில் விரித்துக் காயப்போடுங்கள், அல்லது தண்ணீரில் முக்கி, மூடியுள்ள உலோக டப்பாவில் வையுங்கள்.

அரக்குப் பூச்சுக்குத் தனி இடம் உண்டு. அரக்குப் பூச்சி சுரப்பதை எடுத்து எரிசாராயத்தில் (ஆல்கஹால்) கரைத்துப் பூசுவது, நிமிடங்களில் காயும். ஒயின் சிந்தினால் போச்சு, சூடான பாத்திரம் வைத்தால் வெள்ளை வளையம். எனவே மேசையின் மேற்பரப்புக்கு வேண்டாம். ஆனால் பழைய ஓக் பீரோ, கடிகாரப் பெட்டி போன்றவற்றுக்கு இதைவிட இணக்கமான பூச்சு இல்லை. புதுக் கோட் பழைய கோட்டோடு கரைந்து ஒன்றாகிவிடும். ஐம்பது வருடம் கழித்துக்கூட ஒட்டுத் தெரியாமல் சரிசெய்யலாம். இன்னொரு நல்ல குணம், மெழுகு நீக்கிய அரக்கு ஏறக்குறைய எதன் மேலும் ஒட்டும், அதன் மேலும் எதுவும் ஒட்டும். அடியில் என்ன பூச்சு இருக்கிறது என்று தெரியாத பழைய சாமானில் நடுவில் ஒரு கோட் அரக்கு போட்டால் மேலே விரும்பியதைப் பூசலாம்.

சோப்புப் பூச்சைப் பலர் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். ஸ்காண்டிநேவியாவில் வெளிறிய ஓக்குக்கு இது பழகிய முறை. டென்மார்க்கின் ஹான்ஸ் வெக்னர் 1949-ல் வடிவமைத்த விஷ்போன் நாற்காலி இன்றும் சோப்பு பூசிய ஓக்கில் கிடைக்கிறது. வெந்நீரில் சோப்புத் துருவலைக் கரைத்துத் தேய்த்துத் துடைப்பது, அவ்வளவுதான். நிறம் மாறாது, தொட்டால் பட்டுபோல இருக்கும். காப்பு மிகக் குறைவு, வருடத்தில் பலமுறை திரும்பச் செய்ய வேண்டும். நாற்காலிக்குச் செய்து பார்க்கலாம்.

மெழுகு தனிப் பூச்சாக எதற்கும் போதாது. மற்ற பூச்சுக்கு மேல் மினுக்கத்துக்குத் தடவலாம், ஆனால் பாலியூரித்தேன் தரையில் மட்டும் வேண்டாம். பிறகு மேல்கோட் போடும் நாளில் அது ஒட்டாது. சிலிக்கோன் கலந்த பாலிஷ் ஸ்ப்ரேயும் அப்படித்தான். புதுப்பூச்சு அங்கங்கே குழி குழியாக விலகி நிற்கும்.

அன்றாடக் கவனிப்பு

இதில் பூச்சுக்குப் பூச்சு பெரிய வித்தியாசமில்லை. மணலை உள்ளே விடாதீர்கள். வாசலில் மிதியடி, மெல்லிய துடைப்பம், நாற்காலிக் காலுக்குக் கீழே ஃபெல்ட். துடைக்கும்போது துணியை நன்றாகப் பிழிந்து துடையுங்கள். பின்னாலேயே ஈரம் காய்ந்துவிட வேண்டும். ஸ்டீம் மாப் எந்த மரத்தரைக்கும் ஆகாது, விளம்பரம் என்ன சொன்னாலும் சரி. சூடான ஆவி பலகை இடுக்கில் புகுந்து பூச்சைத் தூக்கிவிடும். வினிகரும் வேண்டாம், நாளாக நாளாகப் படலத்தை மங்கச் செய்யும். எண்ணெய் பூசிய தரைக்கு அதற்கென்றே விற்கும் சோப்பைத்தான் பயன்படுத்த வேண்டும், சாதாரண டிடர்ஜென்ட் எண்ணெயை உருவி எடுத்துவிடும்.

எந்தப் பூச்சும் மரம் ஈரத்தை வாங்குவதை முழுதாக நிறுத்தாது, தாமதப்படுத்தும், அவ்வளவே. வறண்ட பருவத்தில் பலகைகளுக்கு நடுவே இடைவெளி தெரிந்தால் பதறி மக்கு வைத்து அடைக்க வேண்டாம். ஈரப்பருவம் வந்ததும் மரம் விரிந்து மக்கைப் பிதுக்கித் தள்ளும். அறையின் ஈரப்பதம் 35 முதல் 55 சதவீதத்துக்குள் இருந்தால் ஓக் சௌகரியமாக இருக்கும்.

வளையம் விழுந்தால் முதலில் நிறத்தைப் பாருங்கள். வெள்ளை வளையம் என்றால் ஈரம் பூச்சுக்குள் மட்டும் மாட்டியிருக்கிறது. பல நேரம் தானாகவே மறையும், இல்லாவிட்டால் லேசான சூட்டில் போகும். கறுப்பு என்றால் மேலே சொன்ன இரும்பும் டானினும்தான். பூச்சை நீக்கி, ஆக்ஸாலிக் அமிலம் கரைத்துத் தடவினால் நிறம் போகும். அது நஞ்சு. கையுறை போட்டு, பொடியை மூச்சில் இழுக்காமல் செய்து, கடைசியில் பலமுறை தண்ணீரால் துடைத்து எடுக்க வேண்டும்.

பழைய சாமானில் என்ன பூச்சு என்று கண்டுபிடிக்க, கண்ணில் படாத மூலையில் ஒரு சொட்டு எரிசாராயம் விட்டுப் பாருங்கள். பிசுபிசுத்தால் அரக்கு. அதற்கு அசையாமல் லாக்கர் தின்னருக்கு இளகினால் லாக்கர். இரண்டுக்கும் அசையாவிட்டால் வார்னிஷோ பாலியூரித்தேனோ. தண்ணீர்ச் சொட்டையே மரம் குடித்துவிட்டால் எண்ணெயோ மெழுகோ இருக்கும், அல்லது பூச்சு தேய்ந்துபோயிருக்கும்.

புதிதாகப் பூசுகிறவர்கள் பெரிய டப்பா வாங்கும் முன் சின்ன டப்பா இரண்டு வாங்குங்கள். கடை மாதிரிப் பலகையை நம்ப வேண்டாம். அது வேறு ஓக், வேறு தாளில் தேய்த்தது. உங்கள் தரையில் மிஞ்சிய துண்டை, தரைக்குத் தேய்க்கும் அதே எண் தாள் வரை தேய்த்து, பாதியில் ஒன்று, பாதியில் இன்னொன்று பூசுங்கள். ஒரு வாரம் காயட்டும். பிறகு ஈரக் கோப்பை ஒன்றை ராத்திரி முழுக்க அதன் மேல் வையுங்கள், ஒரு ஆணியால் இரண்டிலும் கீறுங்கள், அந்தக் கீறலை நீங்களே சரிசெய்து பாருங்கள். எந்தப் பாதியில் அந்த வேலை உங்கள் கைக்கு வந்ததோ, அதன் பெரிய டப்பாவை வாங்குங்கள்.